இரண்டாம் ஸ்லிப்

நான்கு ஆட்டம், ஏழு இன்னிங்ஸ்,
முப்பத்தோரு ஓட்டம், ஒரு விக்கெட்.
கேட்ச் ஒன்பது.
அம்புரோஸ் பிளென்கார்ன் என்ற ஆளுக்கு
மாவட்ட அணியின் பழைய ஏடு ஒதுக்கியது
ஒன்றரை வரி.
அந்த அரை வரி:
'காவல்துறையில் இருந்தார்.'

இரவு ரோந்து முடிந்து
காலை ஆறுமணிக்கு பூட்ஸைக் கழற்றுவான்.
அதே கொப்புளத்தோடு
வெள்ளை ஷூவுக்குள் காலை நுழைப்பான்.
ஹாக்ஸ்லோ கடைத்தெருவின்
நாற்பத்திரண்டு கதவுப் பிடிகளையும்
இருட்டில் திருகிப் பார்த்த விரல்கள்
பதினொரு மணிக்குப் பந்தைத் திருகும்.
இடதுகை, மெதுவான வீச்சு.
பந்து சுழலுமா என்று கேட்டால்
'மழை பெய்தால் சுழலும்' என்பான்.
அந்த ஊரில் மழைக்கா பஞ்சம்?

அவன் எடுத்த ஒரே விக்கெட் ஒரு கனவான்.
கனவான்களுக்கு முதலெழுத்து
பெயருக்கு முன்னால்;
கூலிக்கு ஆடுகிறவனுக்குப் பின்னால்.
அவர்கள் இறங்கிவரும் படி வேறு,
இவர்கள் இறங்கிவரும் படி வேறு.
இருவரும் சந்திக்க
இருபத்திரண்டு கஜம் புல் இருந்தது.
அங்கே கனவான் முன்னங்காலை நீட்ட,
பந்து மட்டையின் விளிம்பை உரச,
விக்கெட் கீப்பர் ஜெத்ரோ பெல் பிடித்தான்.
சுரங்கத்தொழிலாளி. எத்தனை சோப்பு போட்டாலும்
நகக்கண்ணில் கரி.
'உன் பந்தில் ஒன்றுமில்லை, பிளெங்க்.
அவர் கொட்டாவி விட்டார்.'

ஐந்தாம் ஆட்டத்துக்கு விடுப்பு இல்லை.
குதிரைச் சந்தை, ஆள் வேண்டும் என்றார்
சூப்பரின்டெண்டன்ட்.
ஆட்டக்காரன் ஒருவன் அத்தோடு முடிந்தான்.
முடிந்ததென்று அவனுக்கு யாரும் சொல்லவில்லை.
அடுத்த இரண்டு வசந்தமும்
மட்டைக்கு எண்ணெய் பூசிக்கொண்டிருந்தான்.

பிறகு அந்த மே மாதம்.
சுரங்க வாயிலில் சங்கிலி.
இந்தப் பக்கம் பதினெட்டு போலீஸ்.
அந்தப் பக்கம் ஹாக்ஸ்லோ:
அவனுக்கு இறைச்சி விற்றவன், முடி வெட்டியவன்,
ஹெஸ்டருக்குப் பிரசவம் பார்த்தவள்,
மூன்றாம் வரிசையில் ஜெத்ரோ.
ஊர் அணிக்காகப் பதினோரு கோடை
கைநீட்டினால் தொடும் தூரத்தில்
முழங்கால் மடக்கி நின்ற இருவர்
எதிரெதிரே நின்று
வெவ்வேறு மேகங்களைப் பார்த்தார்கள்.

ஒரு கல் வந்தது.
யார் கை என்று கடைசிவரை தெரியவில்லை.
இன்ஸ்பெக்டரின் காதைக் குறிவைத்து,
வேகமாக, இடப்பக்கம் சற்றே விலகி.
அவன் யோசிக்கவில்லை.
யோசிக்கிறவனை ஸ்லிப்பில் நிறுத்தமாட்டார்கள்.
தடி சேற்றில் கிடந்தது.
கல் கையில் இருந்தது.

கூட்டம் மூச்சைப் பிடித்துக்கொண்டது.
மூன்றாம் வரிசையிலிருந்து ஒரு குரல்,
பழக்கதோஷம், வேறென்ன,
இரண்டு கையும் உயர
'அவுட்!' என்று கத்திவிட்டது.

சிரித்தார்கள்.
பிள்ளைகள், கிழவர்கள், கறுப்புக் கொடி பிடித்தவள்,
வரிசையில் நின்ற போலீஸும்கூட.
நான்கு நொடி இருக்கும்.
ஐந்து என்பாரும் உண்டு.

இன்ஸ்பெக்டர் சிரிக்கவில்லை.
தப்பித்த காது சிவந்திருந்தது.
'தடியை எடு' என்றார்.
எடுத்தான்.

மாலைப் பத்திரிகை
அதன்பின் நடந்ததை ஐந்து வரியில் எழுதியது.
ஹெஸ்டரிடம் அவன் ஒரு வரியும் சொல்லவில்லை.
சட்டையை அவனே துவைத்தான்.
ஜெத்ரோவின் வலது மணிக்கட்டு
கோணலாகத்தான் கூடியது.
எந்தத் தடி என்று ஜெத்ரோ சொல்லவில்லை.
ஊர் கேட்கவுமில்லை.
ஊருக்குக் கேட்டா தெரியவேண்டும்?

கையுறை மாட்ட முடியாதவனுக்கு
ஸ்கோர் எழுதும் வேலை கொடுத்தார்கள்.
இடதுகையால் எழுதப் பழகினான்;
எழுத்துகள் எல்லாம்
காற்றில் சாய்ந்த வேலிக் கம்புகள்.
பிளென்கார்ன் அதன்பின் ஆட வரவில்லை.
பணி ஓய்வுவரை
கதவுப் பிடிகளைத் திருகிக்கொண்டிருந்தான்.

ஊர் அணியின் பழைய ஸ்கோர் புத்தகத்தில்,
ஆட்டமே நடக்காத ஒரு செவ்வாய்க்கிழமையின் கீழ்,
சாய்ந்த எழுத்தில் ஒரே ஒரு பதிவு:
'கேட்ச், பிளென்கார்ன்.
வீசியவர் பெயர் தெரியவில்லை.'
மற்றபடி அந்தப் பக்கம் முழுக்க
தேநீர்ச் செலவு.
சர்க்கரை இரண்டு பவுண்டு.
பால்காரனுக்குப் பாக்கி.