பாதி என்று வைத்துக்கொள்வோம்

லோரி மேடை ஏறுமுன்பே சொல்லிவிடுவேன்,
வண்டியோடு சேர்த்துப் பதினாறு டன், கொஞ்சம் கூட இருக்கும்.
பின்சக்கரம் பிதுங்குகிற பிதுங்கலில்
செம்பனைக் குலையின் ஈரம்கூடத் தெரியும்.
பதினெட்டு வருடக் கிராணி வேலை
கண்ணுக்கு வேறென்ன கொடுத்தது.

இந்த ஆட்டம்தான் மட்டுக்கு அகப்படவில்லை.

பாலிடெக்னிக் போகும்போது யுகேந்திரன்
விட்டுப்போன கைக்கருவி. இடப்பக்கப் பொத்தான் ஒட்டும்.
ஒரு லோரிக்கும் அடுத்த லோரிக்கும் நடுவில்
வாளோடு ஒரு பெண்ணை நடத்திக்கொண்டு போகிறேன்.
காடு, சுரங்கம், உப்பளம், மறுபடி காடு.
இருபத்தேழு மணி நேரம் என்கிறது திரை.
எத்தனையில் இருபத்தேழு என்று சொல்வதில்லை.

நாவல் என்றால் கட்டைவிரலுக்குத் தெரியும்
வலப்பக்கம் எவ்வளவு மெலிந்திருக்கிறதென்று.
கொலைகாரன் இவன்தான் என்று ஒருவனைப் பிடித்துக்கொடுத்தாலும்
இன்னும் எண்பது பக்கம் இருக்கே, இவனில்லை என்று
விரலே சொல்லிவிடும்.
இதற்குத் தடிமன் இல்லை. எடையும் இல்லை.

காவல் கொட்டகையிலிருந்து கிரண் தாப்பா வருவான்.
ஊர் நேப்பாளம். பேர் மட்டும்
சிலிம் ரிவரிலிருந்து வடக்கே போகிற பஸ்ஸில்
சுங்காய், பீடோர் தாண்டி வரும்.
பாதி தமிழ், பாதி மலாய்:
ஆயுதப் பட்டியலைப் பார் கிராணி,
பன்னிரண்டு கட்டத்தில் ஏழு காலி.
பாதிகூட ஆகவில்லை.

நான் கடைக்காரனை வைத்துக் கணக்குப் போடுகிறேன்.
முதல் ஊரில் பத்துக் காசுக்கு விற்ற மருந்து
இங்கே ஆயிரத்து இருநூறு.
இப்படி ஏறினால் முடிவு கிட்டத்தில் என்று அர்த்தம்.
விலை ஏறினால் முடிவு வரும் என்றால்
எங்க ஊர் எப்பவோ முடிஞ்சிருக்கணும் என்றான்.

வரைபடத்தின் கிழக்கு மூலை கறுப்பாய்க் கிடக்கிறது.
கடலா, இன்னும் கால்படாத நாடா.
பேர் சொல்லிவிட்டுக் காணாமல் போனவர்கள் மூன்று பேர்:
ஒரு தங்கை, ஒரு படகோட்டி, ஒற்றைக்கண் சிப்பாய்.
கதை எழுதியவனுக்கு வெட்கம் இருந்தால்
அவர்கள் திரும்பி வரவேண்டும்.

யுகேந்திரனைக் கேட்டால் ஒரு நொடி.
கேட்கவில்லை.
ஞாயிற்றுக்கிழமை போனில் அவனாகவே இழுத்தான்,
அம்மா, இப்ப எங்க இருக்கீங்க?
ஆலையில்தான் என்றேன்.

செவ்வாய். மழை. லோரி இல்லை.
ஒரு பெரிய கதவு. கதவுக்கு முன்னால்
ஆட்டத்தைச் சேமிக்கும் விளக்கு, பக்கத்திலேயே
ஆறு மருந்துக் குப்பிகள், இலவசம்.
தாப்பா குரலைத் தாழ்த்தினான்.
சும்மா கொடுக்கிறார்கள் என்றால் ஆபத்து கிராணி.
அவனைக் கூட்டிவந்த ஏஜெண்டும்
விமான நிலையத்தில் டீ வாங்கிக் கொடுத்தானாம்.

உள்ளே அரசன். மூன்று முறை செத்தேன்.
நாலாவதில் அவன் விழுந்தான். இசை நின்றது.
வெள்ளைத் திரையில் பெயர்கள் ஏற ஆரம்பித்தன.
தாப்பா கைதட்டினான்.
நான் அழவில்லை, மூக்கு மட்டும்.

பெயர்கள் நடுவழியில் நின்றன.
துணி கிழிகிற மாதிரி ஒரு சத்தம்.
வரைபடம் தன்னைத்தானே புரட்டிப் போட்டது.
அடியில் இன்னொரு நாடு, முழுக்கக் கறுப்பு,
ஓரத்தில் மட்டும் ஒரு படகு.
அதில் அந்தப் படகோட்டி.

ஏழு கட்டம், என்றான் தாப்பா. சொன்னேன்ல.

அவன் பெர்மிட்டில் தேதி அச்சடித்திருக்கிறது,
மார்ச் பதினாலு.
ஏஜெண்ட் புதுப்பித்தால் அதுவும் தேதி இல்லை.
இதை முடிச்சுப் பாத்துட்டுத்தான் போவேன் என்கிறான்,
இன்னும் எவ்வளவு இருக்கும்?
பாதி என்று வைத்துக்கொள்வோம், என்றேன்.

வாசலில் வெளிச்சம். லோரி.
எழுந்து ஜன்னல் வழியாகப் பின்சக்கரத்தைப் பார்த்தேன்.
பதினஞ்சே கால், என்றேன் அவனிடம்.
மேடையின் எண்கள் ஓடி ஓடிப்
பதினாறு புள்ளி நாலில் நின்றன.
மழையை நான் சேர்க்கவில்லை.