சொல்லி அனுப்புகிறோம்

காஸ்டிங் டைரக்டர் என்ற பெயர்
விசிட்டிங் கார்டோடு பின்னால் வந்தது.
அதுவரை முதலமடையிலும் கொல்லங்கோட்டிலும்
நான் ஆள் பிடிக்கிற அக்கா.
அந்தப் பெயரைச் சொன்னால்
அடம்பிடிக்கிற பிள்ளைகளும் சோறு தின்னுமாம்.

எல்லையில் முகம் மலிவு.
ஒரே ஆளைக்
காலையில் தமிழ்ப் படத்துக்குப் பண்ணையாளாகவும்
மத்தியானம் மலையாளப் படத்துக்குக் கட்சிக்காரனாகவும்
நிறுத்தியிருக்கிறேன்.
வேட்டியை அவிழ்த்து வேறு மாதிரி கட்டினால் போதும்.
இரண்டு பேட்டா, ஒரு பிரியாணி.

என் நோட்டில் பெயர்கள் கிடையாது.
மாங்காய்க் குடோன்: இடது கண் சிறியது, அழச்சொன்னால் சிரிப்பான்.
மீன் வண்டி: குரல் தேறாது, முதுகு நல்ல முதுகு.
வேலந்தாவளம் டீச்சர்: பிணமாகப் படுக்கச் சம்மதம்,
மூக்கில் பஞ்சு மட்டும் கூடாது.

ஒருமுறை செக்போஸ்ட் காவலர் ஒருவர் கேட்டார்கள்.
ஒன்றரை நிமிட வேலை.
லாரியை நிறுத்தி
ஹீரோவை உற்றுப் பார்த்து
விட்டுவிட வேண்டும்.
தேடுவானேன் என்று
கோவிந்தாபுரம் செக்போஸ்டிலிருந்து
கிட்டுச்சாமியையே கூட்டி வந்தேன்.
பதினேழு வருடம் அங்கேயே நிற்கிறவர்.
லீவு போட்டிருந்தார்.
கஞ்சி போட்டுத் தேய்த்த யூனிஃபார்ம்,
ஷூவுக்குள் புது சாக்ஸ்.

டைரக்டர் மானிட்டரைப் பார்த்தார்,
ஆளைப் பார்த்தார்,
என் காதருகே வந்தார்:
செக்போஸ்ட் ஆள் மாதிரியே இல்லையே.

மருந்துக்கடை ரெஜிமோன் நடித்தான்.
நன்றாகத்தான் நடித்தான், அதையும் சொல்ல வேண்டும்.
கிட்டுச்சாமியின் சட்டையைத்தான் போட்டிருந்தான்.
அளவெடுத்தது போல இருந்தது.

பனியனோடு ஜெனரேட்டர் வண்டிக்குப் பின்னால்
நின்றவரிடம் போனேன்.
என்னிடம் இருந்தது ஒரே வாக்கியம்,
ஆயிரம் பேருக்குக் கொடுத்தும் தேயாதது.
சொல்லி அனுப்புகிறோம்.
தலையசைத்தார்.
சட்டை திரும்பி வரும்வரை நின்றார்.

அப்புறம் மூன்று வருடம் இருக்கும்.
ஆனைமலையிலிருந்து வருகிறோம், நடுராத்திரி, தூறல்.
வேனுக்குள் பதினொரு பேர்,
மறுநாள் ஒரு கல்யாணத்துக்குக் கூட்டம்.
கண்ணாடியை டார்ச் தட்டியது.
வெளிச்சம் என் முகத்தில் வந்து நின்றது.
கொஞ்சம் இடது பக்கம்.
கொஞ்சம் வலது.
தாடையில் விரல் வைத்து நான் ஆட்களைத் திருப்புவேனே
அதைத் தொடாமல் செய்தார்.
ஆர்.சி. புத்தகத்தை வாங்கிக்கொண்டு
ஓரமா நில்லுங்க என்றார்,
சொல்லி அனுப்பறோம்.

வெங்காய லாரி ஒன்றின் பின்னால்
நாற்பது நிமிடம்.
பழி தீர்க்கிறாரா, வேலை பார்க்கிறாரா?
ஷெட் விளக்கில் அவர் உதட்டோரம் பார்த்தேன்,
புருவம் பார்த்தேன்.
முகம் படித்துப் படித்தே வீடு கட்டியவள் நான்.
ஒரு எழுத்தும் கூடவில்லை.
ஒன்று மட்டும் தோன்றியது:
அன்றைக்கு கேமரா முன்னால்
இதில் பாதி செய்திருந்தால் போதும்.
தோன்றியதற்கு வெட்கமாகவும் இருந்தது.

புத்தகம் வந்தது. கேட் ஏறியது.
தெரிஞ்ச ஆளாக்கா, என்று பின்சீட்டில் யாரோ.
நோட்டை மடியில் விரித்தேன்.
கோவிந்தாபுரம் என்று எழுதி
பக்கத்தில் பெயரும் எழுதப் பார்த்தேன்.
கிட்டுச்சாமியா, கிட்டாசாமியா?
திரும்பிப் போய்க் கேட்கலாம்தான்.
பின்கண்ணாடியில்
கேட் இறங்கிக்கொண்டிருந்தது.