மூன்று முறை

ஹோமா பே நீதிமன்றத்தில்
பெயர் கூப்பிடுவது என் வேலை.
வராந்தாவில் நின்று, மூன்று முறை.
முதல் தடவை ஏரி வரை கேட்கும்.
இரண்டாவது, வாசலில் சோளம் சுடுகிறவன் வரை.
மூன்றாவதை எனக்கே சொல்லிக்கொள்வேன்.
வராதவர்களுக்கு அது போதும்.

"ஃபெலிஸ்டா அபோண்டி."
"ஃபெலிஸ்டா அபோண்டி."
கூரையில் மராபு நாரை கால் மாற்றி நின்றது.
"ஃபெலிஸ்டா அபோண்டி."

மனுதாரர் வழக்கைத் தொடராததால்
மனு முடித்துவைக்கப்பட்டது.
நீதிபதி அம்மா கையெழுத்துப் போட்ட நேரத்தில்
விசிறி இரண்டு சுற்று சுற்றியிருக்கும்.

மனு என்று பார்த்தால் ஒரு படகு.
சிறுகண் வலை இருந்ததென்று
மீன்வளத்துறை இழுத்துப்போன படகு.
படகு அவளுடையது.
வலை, வாடகைக்கு எடுத்தவனுடையது.
அவன் தான்சானியாப் பக்கம் போய் ஆறு வருடம்.
பக்கவாட்டில் வெள்ளைப் பெயின்ட்டில் பெயர்: ரூத் 2.
ரூத் 1 என்ன ஆனது என்று
கோப்பில் எங்கும் இல்லை,
யாரும் கேட்கவும் இல்லை.

பதினோரு வாய்தா.
முதலாவதில் அரசு வக்கீல் வரவில்லை.
நாலாவதில் கோப்பு வரவில்லை.
ஆறில் நீதிபதிக்கு மாற்றல்.
எட்டாவதில் எல்லாரும் வந்தார்கள், கோப்பும் வந்தது,
கரண்ட் போய்விட்டது.
பதினொன்றுக்கும் அவள் வந்தாள்
பச்சை ரப்பர் செருப்பைக் கழற்றிக்
கையில் பிடித்துக்கொண்டு,
போட்டுக்கொள்ளம்மா என்று நான் சொன்ன பிறகும்.
பன்னிரண்டுக்குத்தான் வரவில்லை.
தீர்ப்பில் அந்த ஒரு நாள் மட்டும் இருக்கிறது.

சனிக்கிழமை ம்பிட்டாவுக்குப் போனேன்.
மீன் வாங்க என்று மனைவியிடம் சொன்னேன்,
அது பாதி உண்மை.
கிழிந்த வலைமேல் ஒமேனா காய்ந்துகொண்டிருந்தது,
வெள்ளியைப் பொடித்துக் கொட்டியதுபோல.
குனிந்து கிளறிக்கொண்டிருந்த பெண்ணிடம்
விலை கேட்டேன்.
நிமிரவில்லை.
"அந்தக் குரலில் விலை கேட்டால்கூட
என்னைக் கூப்பிடுகிற மாதிரியே இருக்கிறது" என்றாள்.

மட்டாட்டுக்குப் போக வர அறுநூறு.
வக்கீலுக்கு. நகல் எடுக்கிற பெண்ணுக்கு.
வாய்தாவன்று விற்காமல் நாறிப்போன மீனுக்கு.
எல்லாம் கூட்டினால் அரைப் படகு வாங்கியிருக்கலாம்.
அரைப் படகு மிதக்காதே,
அதனால் வந்துகொண்டிருந்தாளாம்.

"பிறகொரு நாள் போலீஸ் ஸ்டேஷன் முற்றத்தை
எட்டிப் பார்த்தேன்.
ரூத்துக்குள் பப்பாளி முளைத்திருக்கிறது.
காய் வேறு."
சிரித்தாளா என்று தெரியவில்லை,
புகை குறுக்கே வந்தது.

மறுபடி கோப்பைத் திறக்க ஒரு மனு போடலாம்,
இன்னும் நாள் இருக்கிறது, கட்டணம் அதிகமில்லை
என்று தொடங்கினேன்.
அவள் தகர டப்பாவால் அளந்து கொட்டினாள்.
ஒன்று. இரண்டு. மூன்று.
மேலே ஒரு கைப்பிடி.
காசு வாங்கி எண்ணாமல் இடுப்பில் செருகினாள்.

போகும்போது கேட்டேன்: "ரூத் ஒன்று?"
"அங்கே கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன்."
அடுத்த ஆளுக்கு அளக்கப் போய்விட்டாள்.

திங்கள் காலை, பை முழுக்க மீன் வாசத்தோடு
ஸ்டேஷன் வழியாக நடந்தேன்.
உண்மைதான். அடிப்பலகை உளுத்து மண்ணாகி
அதில் ஒரு மரம், ஆள் உயரம்.
ஆறு காய். ஒன்றில் மஞ்சள் தட்டியிருந்தது.
நாற்காலியில் சாய்ந்திருந்த காவலர் ஒலுவோச்
வேண்டுமானால் பறித்துக்கொள் என்றார்.

யாருடையது என்று கேட்டேன்.

தொப்பியைக் கண்மேல் இழுத்துவிட்டுக்கொண்டு,
"உன் வேலைதானே,
கூப்பிட்டுப் பார்" என்றார்.