ரோஸ்நாமாவில் ஏறாதவை

ரத்னாகிரியில் ஜூலை. உதவிப் பதிவாளர் ஆபீசில்
கட்டுகள் பூஞ்சை பிடித்து வீங்கியிருந்தன.
வாதி: மீனவர் கூட்டுறவுச் சங்கம்.
பிரதிவாதி: சுலோசனா நாக்வேகர்.
படகோடு போய்த் திரும்பாதவன் வாங்கிய
எஞ்சின் கடனுக்கு ஜாமீன் போட்டவள்.

நான் தட்டச்சர். அன்றன்றைக்கு நடந்ததை
ரோஸ்நாமாவில் ஏற்றுவது வேலை.
நடந்ததை என்றால், சொல்லச் சொல்ல.

நடுவர் சாஹேப் பதினொன்றரைக்கு வந்தார்.
சங்கத் தலைவரின் ஜீப்பில் வந்தார்.
"இந்த மழையில் ஆட்டோ கிடைக்கவில்லை"
யாரும் கேட்கவில்லை.
அவர் குடையை உதறி மடித்தது தலைவரின் டிரைவர்.
அதையெல்லாம் அடிக்கிற வழக்கமில்லை.

அவள் ஒரு தாளை நீட்டினாள்,
பள்ளி நோட்டிலிருந்து கிழித்தது:
உங்கள் மேல் நம்பிக்கை இல்லை, வேறு ஆளைப் போடுங்கள்.

சாஹேப் இரண்டு தடவை படித்தார்.
அவர் மேல் புகார், அவரே விசாரித்தார்.
"ஆதாரம்?"

"சந்தையில் தராசுத் தட்டை
என் விரல் அழுத்துகிறதென்று ஒருத்தர் சொன்னால்
நான் ஆதாரம் கேட்பதில்லை, சாஹேப்.
கையைத் தூக்கிக் காட்டுவேன்."

டிரைவர் சிரித்துவிட்டான். பிறகு யாரும் சிரிக்கவில்லை.
சாஹேபின் ஒரு கை ஃபைல் மேல்,
ஒரு கை தலைவர் வரவழைத்த டீயைச் சுற்றி.
டீயை வைத்துவிட்டு, கையைத் தூக்கினார்.
எனக்கு: அடி.

*மனுதாரர் ஆதாரம் ஏதும் தாக்கல் செய்யவில்லை.
பாரபட்சக் குற்றச்சாட்டு நிராகரிக்கப்படுகிறது.
வாய்தா: ஆகஸ்ட் 9.*

கையெழுத்துக்குக் கொடுத்தேன்.
எழுத்துக் கூட்டி, வரி வரியாக விரல் வைத்துப் படித்தாள்.
"ஜீப் எங்கே?"
அவரிடம் இல்லை, என்னிடம் கேட்டாள்.

"அது இதில் வராதுங்க."

கையெழுத்துப் போட்டாள். அதற்குக் கீழே,
நான் தடுப்பதற்குள்,
ஜீப் நம்பரை எழுதினாள்,
எம்.எச். சைபர் எட்டில் தொடங்கி, ஒரு இலக்கம் விடாமல்.

பக்கம் பாழாகிவிட்டது என்றார் சாஹேப்.
சுத்தமாக ஒன்று அடிக்கச் சொன்னார்.
சுத்தமாகவே அடித்தேன். அவள் கையெழுத்துக்கான இடத்தில்
*கையெழுத்திட மறுத்தார்* என்று ஒரு வரி.
பழையது என் டிராயரில், ஸ்டாம்ப் மைக்கு அடியில் இருக்கிறது.
ஏன் கிழிக்கவில்லை, தெரியாது.

ஆறு மணிக்கும் மழை விடவில்லை.
பஸ் ஸ்டாண்ட் வரை ஏறிக்கோங்க என்றான் டிரைவர்.
மிர்கர்வாடா திருப்பத்தில்
தார்ப்பாயைத் தலையில் போட்டு நடந்துகொண்டிருந்தாள்.
ஹெட்லைட்டுக்குக் கூசி
கையைத் தூக்கினாள்.

பின் சீட்டில்
என் இரண்டு கையும் தொடைக்கடியில் இருந்தன.
ஆட்டோ கிடைக்கவில்லை.
யாரும் கேட்கவில்லை.