ஆளுக்கு அஞ்சு கொட்டை

ஒத்தக்கடை அங்கன்வாடித் தரையில்
செவ்வாய்க்கிழமை சாயங்காலம் பன்னிரண்டு பேர்
வட்டமாகத்தான் உட்காருவோம்.
பத்து நிமிஷத்தில் வட்டம் கோணி
எல்லா முழங்காலும் ஒச்சம்மாவைப் பார்த்திருக்கும்.

யாருக்குக் கடன், யாருக்கு அடுத்த மாதம்,
யார் மருமகள் சரியில்லை,
டீயில் சுக்குப் போடலாமா கூடாதா,
அவளே கேட்டு அவளே சொல்வாள்.
ரூத் வாயெடுத்தால்
"ரூத்து என்ன சொல்ல வர்றான்னா" என்று
முடித்து வைப்பாள்.
ரூத் சொல்ல வந்தது அது இல்லை.
ஆனாலும் தலையாட்டுவாள். பஸ்ஸுக்கு நேரமாகியிருக்கும்.

குறை சொல்லவும் கூசும்.
பாஸ்புக்கை விட்டெறிந்த வங்கி மானேஜரை
"எறிஞ்ச கையாலயே எடுத்துக் குடுங்க சார்" என்று
எழுந்து குனிய வைத்தவள் அவள்தான்.
அன்றைக்கு எங்கள் பதினொரு வாயையும்
அவளிடம் கொடுத்து வைத்திருந்தோம்.
திருப்பிக் கேட்க மறந்துவிட்டோம்.

"யானமலைய எவ நகட்டுறது,
மேலூரு பஸ்ஸே ஒதுங்கித்தான் போகுது"
என்றாள் முத்துராக்கு.
ஜெய்னம்பு மட்டும்
கிளாஸ் கழுவும் குழாயடியில், குனிந்தபடியே,
"கொட்ட வச்சுப் பாப்பமா" என்றாள்.

ஆளுக்கு அஞ்சு புளியங்கொட்டை.
ஒருதரம் பேசினால் ஒன்று
நடுவிலிருக்கும் எவர்சில்வர் தட்டில்.
தீர்ந்தால் காது மட்டும்.

"சின்னப்புள்ளத்தனமால்ல இருக்கு." ஒன்று.
"யாரு யோசன இது?" இரண்டு.
"கேக்குறேன்ல." மூன்று.
டீ ஆறிப்போனதற்கு ஒன்று.
கடைசிக் கொட்டையை விரலிடுக்கில் உருட்டி உருட்டி
"ஃபேனப் போடுங்கடி" என்று விட்டாள்.

பிறகு அமைதி வந்தது.
அதை வைத்துக்கொண்டு என்ன செய்வதென்று
எங்களுக்குத் தெரியவில்லை.
ஃபேன் சத்தம். சுவரில் அணில், ஆடு, இலை.
ஐம்பத்தைந்து கொட்டைகள் எங்கள் மடியில்.
சீனியம்மா அஞ்சையும் முந்தானையில் முடிந்து
வீட்டுக்குக் கொண்டுபோய்விட்டாள்.

அடுத்த வாரம் ஒச்சம்மா
கால்படிக் கொட்டையோடு வந்தாள்.
சிரித்துச் சிரித்துப் புரையேறியது எங்களுக்கு.
அவளுக்கும்தான்.
அதற்கடுத்த வாரம்
ரூத் மகளின் நெயில் பாலிஷ் எடுத்துக்
கொட்டைக்கு ஒரு ஊதாப் பொட்டு வைத்தோம்.

ஐந்தாம் வாரமோ ஆறாவதோ,
நோட்டைப் பார்த்தால் தெரியும்,
வெள்ளத்தாய் ஒரு கொட்டையைப் போட்டாள்.
"நான் மாடு கேக்கல. தையல் மெஷினு கேட்டேன்."

அவ்வளவுதான். மூன்று வருஷம் கழித்து.
மாடு போன தையிலேயே செத்துவிட்டது.
தவணை இன்னும் நாலு இருக்கிறது.

எல்லோரும் தரையைப் பார்த்தோம்.
"வெள்ளத்தாய்க்கு மாடுதான்" என்று அன்று ஒச்சம்மா சொன்னாள், சரி.
தீர்மானம் எழுதிப்
பன்னிரண்டு கையெழுத்து வாங்கியது நான்.

ஒச்சம்மா வாயைத் திறந்தாள்.
கையைப் பார்த்தாள். காலி.
மூடிக்கொண்டாள்.
பேசாத ஒச்சம்மாவின் முகத்தை
அன்றுதான் பார்த்தேன்.
மோவாயில் ஒரு மச்சம் இருந்திருக்கிறது.

கொஞ்ச நேரம் கழித்து
வெள்ளத்தாய் பக்கம் உள்ளங்கையை நீட்டினாள்.
வெள்ளத்தாய் யோசித்தாள்.
நன்றாகவே யோசித்தாள்.
பிறகு தன்னுடையதில் ஒன்றை எடுத்து வைத்தாள்.

அதைப் போட்டு ஒச்சம்மா சொன்னது
எனக்குக் கேட்கவில்லை, வெளியே பஸ் ஹாரன்.
வெள்ளத்தாய்க்குக் கேட்டிருக்கும்.

நோட்டில் இப்படி எழுதினேன்:
ஒச்சம்மாளுக்குக் கைமாற்று, கொட்டை ஒன்று.
கொடுத்தவர் வெள்ளத்தாய்.
வட்டி பற்றிப் பேசவில்லை.