பதினோரு பலகைகள்

கிழக்கு டெக்சாஸில், எங்கள் டெல்பின் கவுண்டியில்
நீதிபதியும் ஓட்டுக் கேட்டு வருவார்.
தேவாலய வாசலில் கை குலுக்குவார்.
கெளுத்தி வறுக்கும் விருந்துகளில்
தட்டேந்தி வரிசையில் நிற்பார்.
நானும் அப்படி வந்தவள்தான்.
கவுண்டி எழுத்தர் வெர்னீட்டா கோப்,
வாக்குச்சீட்டில் அவருக்குச் சில வரி கீழே.
எதிர்த்து யாரும் நிற்கவில்லை,
இருந்தாலும் பயத்தில் நாற்பது பலகை அடித்துவைத்தேன்.

நீலத்தில் வெள்ளை எழுத்து: ஹோலிஸ் ட்ராமெல்.
அடியில் சிவப்பாக: உறுதியான கை.
ஆகஸ்ட் முடிவதற்குள்
சாலையோரப் பைன் மரங்களைவிட
அவர் பெயர்தான் அடர்த்தி.

செப்டம்பரில் வளைகுடாப் புயல்.
லான்ஸோ பீவியின் டிரெய்லர் வீட்டில்
அடுப்புக்கு நேர்மேலே ஒழுகல்.
இரவோடு இரவாகப் பதினோரு பலகை பிடுங்கி வந்தான்.
நெளி பிளாஸ்டிக். நனையாது, ஆணி ஏறும்.
எழுத்துப் பக்கம் வீட்டுக்குள் பார்க்கும்படி அடித்தான்,
வெயிலில் சாயம் போய்விடுமே என்று.
வாக்குமூலத்தில் இப்படித்தான் இருக்கிறது.
கோப்பில் சேர்க்கும்போது இரண்டு முறை படித்தேன்.

மூன்று வாரம்
நீதிபதியின் பெயருக்குக் கீழே உட்கார்ந்து
பீன்ஸ் சாப்பிட்டிருக்கிறான்.
எரிவாயுக் குழாய் பார்க்க வந்தவன்
ஒருநாள் அண்ணாந்தான்.

ஜாமீன் ஐந்நூறு டாலர்.
கையில் இருந்தது அறுபத்திரண்டு.

கோப்பு ட்ராமெலிடம் போனது.
கண்ணாடியைக் கழற்றி, துடைத்து, மாட்டிக்கொண்டு
"என் பலகை. நான் எப்படி விசாரிப்பது?" என்றார்.
விலகிக்கொண்டார்.
நேர்மையான மனிதர், அதில் குறை சொல்ல மாட்டேன்.
கையெழுத்தும் அழகு.
முத்திரை குத்தினேன்.
விலகியவர் மதிய உணவுக்குப் போனார்.
லான்ஸோ உள்ளேயே இருந்தான்.

இரண்டு கவுண்டி தள்ளி வேறொரு நீதிபதி.
அவருக்கும் தேர்தல்.
நியமன வக்கீல் பிரிஜெட் ஓக்ஸ்
ஒருநாள் விட்டு ஒருநாள் கேட்பாள்:
தேதி வந்ததா?
வரவில்லை, கண்ணே.
மண்டல அலுவலக எண் என் மேசைக் கண்ணாடிக்கு அடியில்தான் இருந்தது.
பத்து இலக்கம்.
தேர்தல் நேரத்தில் எதற்கு வம்பு என்று
பேனா டப்பாவை அதன்மேல் நகர்த்தி வைத்தேன்.

தீர்ப்பு வராதவனுக்கு ஓட்டு உண்டு.
தபால் வாக்குக்குச் சிறையிலிருந்து எழுதிப்போட்டான்.
கோணல் எழுத்து, பென்சில்.
ஒருநாள் தாமதம்.
அதற்கும் ஒரு முத்திரை இருக்கிறது.

இருநூற்றுப் பதினான்கு ஓட்டில் ட்ராமெல் ஜெயித்தார்.
மறுவாரம் பலகைகளை அகற்றக் கைதிகளை இறக்கினார்கள்.
வெளிக்காற்றுக்காக லான்ஸோ தானே பெயர் கொடுத்தானாம்.
மில் சாலைத் திருப்பத்தில் பார்த்தேன்.
ஆரஞ்சு உடுப்பு, பெரிய கையுறை.
பிடுங்கிய ஒவ்வொன்றையும்
சந்தையில் பூசணி வாங்குகிறவன்போல
தட்டிப் பார்த்து, திருப்பிப் பார்த்து,
பிறகுதான் குப்பை லாரியில் வைத்தான்.
வேகத்தைக் குறைத்தேன்.
நிறுத்தவில்லை.

டிசம்பர் ஒன்பது, வழக்கு தள்ளுபடி.
நான்கு நிமிடம் ஆனது.
எழுபது நாள் என்று பிரிஜெட் சொல்லத் தொடங்கினாள்,
புதிய நீதிபதி அடுத்த கோப்பை எடுத்துவிட்டார்.

இன்று காலையிலிருந்து மழை.
அவன் கூரையிலிருந்து சாட்சியாகக் கழற்றிய பதினொன்றும்
கீழ்த்தள அறையில், இரும்பு அலமாரியில்,
ஆணி ஓட்டைகளோடு காய்ந்து கிடக்கின்றன.
திருப்பித் தர உத்தரவு வேண்டும்.
உத்தரவுக்கு யாராவது மனுப் போட வேண்டும்.
பொருள் யாருடையது என்ற கட்டத்தில்
ஹோலிஸ் ட்ராமெல் என்று இருக்கிறது,
என் கையெழுத்தில்.

என்னுடைய நாற்பதும் கராஜில் இருக்கின்றன.
அவற்றுக்கு உத்தரவு எதுவும் தேவையில்லை.
அவன் வீட்டுக்குப் பதினேழு மைல்.
காரில் பெட்ரோலும் இருக்கிறது.