கூட்டியோ குறைத்தோ நான்கு

கத்தாழைக் குஞ்சின் மண்டையைப் பிளந்தால்
மூளைக்கு அடியில் இரண்டு கல்.
செவிக்கல் என்போம். பயறளவு சுண்ணாம்பு.
தேய்த்து, கண்ணாடித் தகட்டில் ஒட்டி,
ஒரு சொட்டு எண்ணெய் விட்டு
நுண்ணோக்கிக்குக் கீழே வைத்தால்
வெட்டிய வெங்காயம்போல் வளையங்கள்,
நாளுக்கு ஒன்று.

நாளுக்கு ஒன்று என்பதை நான் பார்த்ததில்லை.
யாரோ எங்கோ ஒரு தொட்டியில்
மீனுக்குச் சாயம் ஏற்றி, காத்திருந்து, கொன்று,
எண்ணிச் சரிபார்த்தார்களாம்.
அவர்கள் பேச்சை நம்பித்தான்
மண்டபத்தில் பதினோரு வருடமாக
எண்ணிக்கொண்டிருக்கிறேன்.

இதைச் சொன்னபோது தெயோபிலஸ் சாமியார் சிரித்தார்.
குருமடத்தில் தத்துவம் நடத்திவிட்டுப்
பாம்பன் பக்கம் பங்குக்கு வந்தவர்.
"ஆக, நீயும் காதால் கேட்டு நம்பியவள்தான்."
"சந்தேகம் வந்தால் நான் தொட்டி வைத்துப் பார்ப்பேன் சாமி.
உங்களுக்குத் தொட்டி எங்கே?"
அவர் ஜன்னல் வழியே கடலைப் பார்த்தார்.
அது பதிலா, வெறும் பார்வையா
என்று இன்னும் எனக்குத் தெரியாது.

ரொசாலி வந்தது ஒரு செவ்வாய்க்கிழமை.
கையில் பூசைக்கருத்துச் சீட்டு.
பெயர் இருந்தது: இன்னாசி லயோன்.
தேதி இல்லை.
ஆகஸ்ட் பத்தாம் தேதி வத்தை போனது தெரியும்.
பன்னிரண்டாம் நாள் முசல்தீவுப் பக்கம்
ஆளில்லாமல் ஒதுங்கியது தெரியும்.
நடுவில் ஒரு கச்சான் எழும்பியது.
எந்த நாள் என்பதில்
கரையில் இரண்டு பேருக்கு ஒத்துவரவில்லை.
வானிலை ஏட்டில்
அந்த வாரம் முழுக்க மிதமான காற்று.

"செத்த நாள் தெரியாமல் எப்படிப் பூசை வைக்க?
மீனுக்குத் தெரியுமாமே. கேட்டுச் சொல்லு."

கேட்பது என்றால்
வினவுவதும் அதுதான், செவிகொடுப்பதும் அதுதான்.
அவள் எதைச் சொன்னாள் என்று
நான் கேட்கவில்லை.

லயோன் துடுப்பைத் தண்ணீரில் இறக்கி
மறுமுனையில் காதை வைப்பான்.
அடியில் கத்தாழை கத்துவது
மரத்தின் வழியே ஏறிவருமாம்.
எந்தத் திசை, எத்தனை கூடை, சொல்லிவிடுவான்.
எதையும் எழுதிவைத்ததில்லை.

அந்தப் பருவத்துக் குஞ்சுகள் எழுபது
ஆல்கஹாலில் கிடந்தன.
ஓரத்திலிருந்து உள்ளே எண்ணிப்போனால்
இருபத்துமூன்றின் கல்லில்
ஏறக்குறைய ஒரே இடத்தில் ஒரு கறுப்பு வரி.
அன்று ஏதோ நடந்திருக்கிறது:
கலங்கல், அல்லது குளிர், அல்லது பட்டினி.
ஏதோ என்பதற்கு மேல் கல் பேசாது.
லயோன் என்ற பெயர் அதில் இல்லை.
மற்ற நாற்பத்தேழில் வரியே இல்லை,
அதையும் சொல்லியாக வேண்டும்.

தாளில் எழுதினேன்: ஆகஸ்ட் பதினாறு.
பக்கத்தில்: கூட்டியோ குறைத்தோ நான்கு நாள்.
அடியில்: இது சாட்சியம் அல்ல.
எழுதும்போது கூச்சமாக இருந்தது.
ஒருத்தி நாளைக் கேட்கிறாள்,
நான் பிழையின் அகலத்தைக் கொடுக்கிறேன்.

சாமியார் தாளை வாங்கி விரல்விட்டு எண்ணினார்.
பன்னிரண்டு, பதின்மூன்று என்று தொடங்கி
இருபதில் நின்றார்.
"ஒன்பது."
பூசைப் பதிவேட்டில் ஒன்பது கட்டத்திலும்
லயோன் என்று எழுதினார்.
நவநாள்.

"அதற்காக நான் நான்கு போடவில்லை சாமி."
"தெரியும்."
"அந்த ஒன்பதில் அவன் இல்லாமலும் இருக்கலாம்."
"எனக்கும்," என்றார் பேனாவை மூடி,
"அவ்வளவுதான் தெரியும்."

ஒன்பதாம் சாயங்காலம் கடைசி பெஞ்சில் இருந்தேன்.
நற்கருணைக்குப் போகவில்லை.
ஒலிபெருக்கியில் உப்பு ஏறி
மன்றாட்டு பாதி இரைச்சலாக வந்தது.
ரொசாலி அழவில்லை.
ஒவ்வொரு நாளும் அதே நீலச் சேலை.

பிறகு தென்கடலுக்கு இறங்கினேன்.
யாருடைய வத்தையோ, யாருடைய துடுப்போ.
இறக்கி, குனிந்து,
ஈர மரத்தில் காதை அழுத்தினேன்.
டுக், டுக் என்று ஏதோ.
கத்தாழையா,
என் காதுக்குள் ஓடும் ரத்தமா,
பிரிக்கத் தெரியவில்லை.

எண்ணத் தொடங்கினேன்.